பிரிட்டன் தன் பேரரசைத் திட்டமிட்டுத்தான் கைவிட்டதா?

இரண்டாம் உலகப் போருக்குப் பின் காலனிகளுக்கு விடுதலை அளிப்பதை பிரிட்டிஷ் அரசாங்கங்கள் திட்டமிட்டுப் படிப்படியாக நடத்தினவா, வேறு வழியில்லாமல் வெளியேறினவா என்பது கேள்வி. வெளியேறுவதற்கென்று லண்டனிடம் ஒரு பெருந்திட்டம் எந்தக் காலத்திலும் இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை. ஆனால், அதிகாரம் யார் கைக்குப் போக வேண்டும், போன பிறகு எந்தக் காகிதம் அங்கே எஞ்சியிருக்கக் கூடாது என்ற இரண்டு விஷயங்களில் மட்டும் அவர்கள் வியக்கத்தக்க அளவுக்குத் திட்டமிட்டார்கள்.

1945இல் அட்லியின் தொழிற்கட்சி ஆட்சிக்கு வந்தபோது கஜானா காலியாக இருந்தது. அமெரிக்காவிடம் 375 கோடி டாலர் கடன் வாங்கினார்கள். இந்தியாவுக்கே பிரிட்டன் பெருந்தொகை பாக்கி வைத்திருந்தது. 1948 ஜூனுக்குள் இந்தியாவை விட்டுச் செல்வோம் என்று அட்லி 1947 பிப்ரவரி 20 அன்று அறிவித்தார். மவுண்ட்பேட்டன் வந்ததும் அந்தக் கெடு ஆகஸ்ட் 15க்கு முன்னே இழுக்கப்பட்டது. அதற்கு முன் இந்தியாவில் காலடியே வைத்திராத, எல்லை ஆணையத் தலைவராக நியமிக்கப்பட்ட பிரிட்டிஷ் வழக்கறிஞர் ராட்கிளிஃப், ஜூலை 8 அன்று வந்து இறங்கி, ஐந்தே வாரங்களில் பஞ்சாபையும் வங்காளத்தையும் பிரித்துக் கோடு போட்டார். அந்தக் கோடு வெளியிடப்பட்டது 17ஆம் தேதி. விடுதலை நாளில் கொடியேற்றிய எத்தனையோ ஊர்களின் மக்களுக்குத் தங்கள் ஊர் எந்த நாட்டில் இருக்கிறது என்பதே தெரியாது. இதை ஒழுங்கான கைமாற்றம் என்று எழுதும் நூல்களை என்னால் ஏற்க முடியவில்லை.

இதே அட்லி அரசு மலாயாவில் எப்படி நடந்துகொண்டது என்பதையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். மலாயாவின் ரப்பரும் வெள்ளீயமும் பிரிட்டனுக்கு டாலரை ஈட்டித்தந்தன. எனவே இந்தியாவை விட்டுச் சென்ற மறு ஆண்டே, 1948 ஜூனில், அங்கே அவசரநிலை அறிவிக்கப்பட்டது. கம்யூனிஸ்ட் கொரில்லாக்களுக்கு உணவும் உதவியும் போய்ச் சேராதபடி சுமார் 5 லட்சம் கிராமவாசிகள், பெரும்பாலும் சீனர்கள், முள்வேலியிட்ட புதுக்கிராமங்களுக்கு மாற்றப்பட்டார்கள். தோட்டத் தொழிலாளர்களும் தப்பவில்லை. அகில மலாயா தொழிற்சங்க சம்மேளனத்தின் தலைவராக இருந்த தமிழர் எஸ். ஏ. கணபதி, ஆயுதம் வைத்திருந்தார் என்ற குற்றத்துக்காக, இந்திய அரசு தலையிட்டும் பயனின்றி, 1949 மே மாதம் கோலாலம்பூரின் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். இடதுசாரித் தொழிற்சங்கங்களை உடைத்து, பின்னர் முதல் பிரதமரான துங்கு அப்துல் ரஹ்மானின் கூட்டணி போன்ற, பிரிட்டிஷ் முதலீட்டுக்கு ஆபத்து விளைவிக்காத ஒரு தலைமை உருவான பிறகே 1957 ஆகஸ்ட் 31 அன்று விடுதலை வந்தது.

மேற்கு ஆப்பிரிக்கக் காலனியான கோல்ட் கோஸ்டில் துப்பாக்கிக்கு அவ்வளவு வேலை இருக்கவில்லை. 1951 தேர்தலில் சிறையில் இருந்தபடியே வென்ற விடுதலை இயக்கத் தலைவர் நிக்ருமாவை விடுவித்து, அரசு அமைக்க அழைத்தார் ஆளுநர் ஆர்டன்-கிளார்க். அடக்குவதைவிட இவரோடு பேசி முடிப்பதே மலிவு என்று அவர் கண்டுகொண்டதுதான் காரணம். 1957 மார்ச் 6 அன்று அந்த நாடு கானா ஆயிற்று.

செலவுக் கணக்கை வெளிப்படையாகவே கேட்டவர் மாக்மில்லன். 1956இல் எகிப்து அதிபர் நாசர் சூயஸ் கால்வாயை நாட்டுடைமை ஆக்கியதும் படையெடுத்த ஈடன் அரசு, அமெரிக்கா பவுண்டைத் தாங்கிப் பிடிக்க மறுத்ததால் பின்வாங்க நேர்ந்தது. ஈடனுக்குப் பின் பிரதமரான மாக்மில்லன், பதவியேற்ற அதே மாதத்தில், ஒவ்வொரு காலனிக்கும் லாப நட்டக் கணக்குப் போட்டுத் தருமாறு குறிப்பு அனுப்பினார். பொருளாதார நோக்கில் லாபமும் நட்டமும் ஏறத்தாழச் சமம் என்று அதிகாரிகள் பதில் அளித்தார்கள்.

எனவே 1960களின் வேகத்துக்குப் பணத்தை மட்டும் காரணம் காட்டினால் போதாது. 1959 மார்ச் 3 அன்று கென்யாவின் ஹோலா தடுப்பு முகாமில், கட்டாய வேலைக்கு இணங்காத மாவ் மாவ் (பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்த கிளர்ச்சி இயக்கம்) கைதிகள் 11 பேரைக் காவலர்கள் அடித்தே கொன்றார்கள். வண்டியில் கொண்டுவந்த தண்ணீரைக் குடித்த பிறகு அவர்கள் இறந்தார்கள் என்றுதான் முதலில் அரசு அறிக்கை வெளிவந்தது. பிணப் பரிசோதனையில் உண்மை தெரிந்தது. அந்த ஜூலையில் நாடாளுமன்றத்தில் நள்ளிரவையும் தாண்டி விவாதம் நடந்தது. ஆளும் கட்சியைச் சேர்ந்த ஈனாக் பவலே, ஆப்பிரிக்காவில் ஒரு நீதி, இங்கே ஒரு நீதி என்று இருக்க முடியாது எனத் தம் அரசைக் கண்டித்தார். அக்டோபரில் காலனி அமைச்சரான இயன் மக்லியோட், இனியும் இழுத்தடித்தால் ரத்தம்தான் சிந்தும் என்ற முடிவுக்கு வந்திருந்தார். அடுத்த ஐந்தாண்டுகளுக்குள் நைஜீரியா, தங்கனீகா, உகாண்டா, கென்யா, சாம்பியா என்று வரிசையாகக் கொடி இறங்கியது. கென்யாவில் மட்டும் அதற்குள் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் தூக்கிலிடப்பட்டிருந்தார்கள்.

இனி காகிதத்துக்கு வருகிறேன். இந்த விஷயத்தில் எனக்கு மிகுந்த கோபத்தைத் தருவது இதுதான். 1961இல் மக்லியோடின் அலுவலகத்திலிருந்து காலனிகளுக்கு ஓர் உத்தரவு போயிற்று: பிரிட்டிஷ் அரசுக்குச் சங்கடம் தரக்கூடிய, அல்லது போலீஸ், ராணுவம், உளவு கொடுத்தவர்கள் ஆகியோரைச் சிக்கலில் மாட்டிவிடக்கூடிய எந்த ஆவணமும் புதிய அரசின் கைக்குப் போகக் கூடாது. எரிப்பதாக இருந்தால் சாம்பலையும் கிளறி உதிர்த்துவிட வேண்டும். கடலில் போடுவதாக இருந்தால் பெட்டியில் கனம் ஏற்றி, நீரோட்டமில்லாத ஆழத்தில், கரையிலிருந்து இயன்றவரை தொலைவில் இறக்க வேண்டும் என்கிற அளவுக்கு விதிமுறை எழுதினார்கள். உகாண்டாவில் இந்தக் கோப்புகளைப் பார்க்கும் உரிமை ஐரோப்பிய வம்சாவளியினரான பிரிட்டிஷ் குடிமக்களுக்கு மட்டுமே இருந்தது. நாளை நாட்டை ஆளப்போகிறவர்கள் என்று மேடையில் பாராட்டிய ஆப்பிரிக்க அதிகாரிகளையே, அடுத்த அறையில் எரிந்துகொண்டிருந்த கோப்புகளின் அருகில் விடவில்லை.

எரிக்காதவற்றை லண்டனுக்கு அனுப்பினார்கள். கென்யாவிலிருந்து போன சுமார் 1,500 கோப்புகளை அந்த நாட்டு அரசு 1967இல் திருப்பிக் கேட்டபோது தர மறுத்தார்கள். முகாம்களில் சித்திரவதைக்கு ஆளான கென்ய முதியவர்கள் லண்டன் உயர் நீதிமன்றத்தில் தொடுத்த வழக்கில்தான், 2011இல், அவை உள்பட 37 காலனிகளின் ஏறத்தாழ 8,800 கோப்புகள் ஹான்ஸ்லோப் பார்க் என்ற அரசு வளாகத்தில் இருப்பதை வெளியுறவுத் துறை ஒப்புக்கொண்டது. 2013இல் 5,228 பேருக்காக 1 கோடியே 99 லட்சம் பவுண்டில் சமரசம் ஏற்பட்டது. வெளியுறவு அமைச்சர் வில்லியம் ஹேக் நாடாளுமன்றத்தில் வருத்தம் தெரிவித்தார், சட்டப்படியான பொறுப்பை மட்டும் ஏற்கவில்லை.

இந்தக் கோப்புகள் 2012 முதல் லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில், எஃப்சிஓ 141 என்ற வரிசையில், படிப்பவர்களுக்குத் திறந்துவிடப்பட்டுள்ளன. மலாயா, சிங்கப்பூர், இலங்கைக் கோப்புகளும் அவற்றில் உண்டு. தோட்டத் தொழிலாளர்களின் வரலாற்றை எழுத முனைகிறவர்கள் லண்டன் செல்ல வாய்ப்புக் கிடைத்தால் முதலில் கேட்டுப் பார்க்க வேண்டிய வரிசை இது.