பல்கலைக்கழகம் பணம் தராமல் இழுத்தடிக்கிறதா? கேள்வி பதில்

பல்கலைக்கழக நிதிப் பிரிவில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வுபெற்றவன் நான். பிறர் கோப்பைத் தள்ளிப்போட்ட பாவமோ என்னவோ, என் பணிக்கொடைக்கு (கிராஜுவிட்டி) நானே உயர் நீதிமன்றம் ஏறவேண்டியதாயிற்று. கேளுங்கள்.

ஐயா, ஓய்வுபெற்று இரண்டு ஆண்டாகிறது. பணிக்கொடை கேட்டால் ‘நிதி இல்லை’ என்கிறார்கள். வழக்குப் போடலாமா?

போடலாம். அரசுப் பல்கலைக்கழகத்தின் மீது அரசமைப்பின் 226ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அவர்களுக்கு உத்தரவிடக் கேட்கும் மனு, செல்லும். ஓய்வூதியமும் பணிக்கொடையும் சொத்து, அதிகாரி இஷ்டத்துக்குப் பறிக்க முடியாது என்று ஜார்க்கண்ட் அரசு வழக்கில் 2013இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் நேரில் போய்க் கெஞ்சியதெல்லாம் கணக்கில் வராது. முதலில் பதிவாளருக்கு மனு எழுதித் தபால் பிரிவில் கொடுங்கள். உங்கள் நகலில் தேதியோடு முத்திரை வாங்காமல் நகராதீர்கள். என் வழக்கில் நீதிபதி முதலில் தேடிப் புரட்டியது அந்த ஊதா முத்திரையைத்தான்.

‘எட்டு வாரத்தில் மனுவைப் பரிசீலிக்க வேண்டும்’ என்று உத்தரவு வாங்கினேன். ‘பரிசீலித்தோம், நிதி வந்ததும் தருவோம்’ என்று பதில் வந்திருக்கிறது. இது நீதிமன்ற அவமதிப்பு இல்லையா?

இல்லை. பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்துவிட்டார்கள். கொடுக்கச் சொல்லவில்லையே! வழக்கு சீக்கிரம் முடிகிறதே என்று வழக்கறிஞர்களும் இதற்குத் தலையாட்டிவிடுகிறார்கள்; எனக்கு இதில் கோபம் உண்டு. அந்தக் கடிதத்தை எதிர்த்துப் புது ரிட் போடுங்கள். கோரிக்கைப் பத்தியில் தொகை, கெடு, வட்டி மூன்றும் இருக்கட்டும். பணம் பாக்கி என்று அவர்களே எழுதிக்கொடுத்திருப்பது உங்களுக்கு லாபம்தான்.

வட்டிக்கு விதியில் இடமில்லை என்கிறார்களே?

விதி இல்லாவிட்டாலும் கேட்கலாம் என்று 2008இல் ஹரியானா வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. ஆனால் மனக்கோட்டை கட்டாதீர்கள். ஆந்திர அரசு தள்ளிவைத்த சம்பளத்துக்கு உயர் நீதிமன்றம் 12 சதவீதம் கொடுத்தது. 2021இல் உச்ச நீதிமன்றம் அதை 6 ஆக்கியது.

என் கணவர் அங்கே எழுத்தராக இருந்து ஓய்வுபெற்றார். சம்பளம் கூடுதலாகப் போய்விட்டது என்று தணிக்கைத் தடையை (தணிக்கையாளர் எழுப்பிய ஆட்சேபம்) காட்டிப் பணிக்கொடையில் பிடிக்கிறார்கள்.

அம்மா, ஓய்வுபெற்றவரிடம் அப்படிப் பிடிக்கக் கூடாது என்று பஞ்சாப் வழக்கில் 2014இல் தீர்ப்பாகியிருக்கிறது. ஒன்றை மட்டும் பாருங்கள்: ‘கூடுதலானால் திருப்பித் தருவேன்’ என்று அவர் உறுதிமொழி எழுதிக் கொடுத்திருக்கிறாரா? பணிப் பதிவேட்டில் ஒட்டியிருக்கும். தகவல் உரிமைச் சட்டத்தில் நகல் கேளுங்கள். அது இருந்தால், எழுதிக் கொடுத்தவரிடம் பிடிக்கலாம் என்ற 2016ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றை எடுத்து நீட்டுவார்கள்.

கொடுக்கச் சொல்லியே உத்தரவு; கெடுவும் முடிந்துவிட்டது. இனி?

அவமதிப்பு மனு. ஒரு வருடத்துக்குள் போட்டுவிட வேண்டும், தாமதிக்காதீர்கள். எனக்கு மூன்று ஆண்டு ‘நிதி இல்லை’ என்றவர்கள், பதிவாளர் நேரில் வரவேண்டும் என்று நோட்டீஸ் போன ஒன்பதாம் நாள் பணத்தை வங்கியில் போட்டார்கள். வட்டியைப் போடவில்லை, அதற்கு இன்னொரு வாய்தா.