தெளிவில்லாத பாலியல் கேள்விகளை ஏஐ உதவியாளர்கள் எப்படிக் கையாளுகின்றன?

மருத்துவம் சார்ந்த சாதாரணக் கேள்விக்குக்கூட ஏஐ உதவியாளர் சில வேளைகளில் "இதற்கு உதவ இயலாது" என்று கையை விரித்துவிடுகிறதே, ஆபாசத்தையும் மற்றதையும் அது எதை வைத்துப் பிரிக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள்.

சொற்களை மட்டும் பார்த்துத் தடுக்கும் பழைய வடிகட்டிகளின் லட்சணம் 1996-லேயே வெளிப்பட்டுவிட்டது. இங்கிலாந்தின் ஸ்கன்தார்ப் என்ற ஊரின் பெயருக்குள் ஒரு கெட்ட வார்த்தையின் எழுத்துகள் அமைந்திருந்ததால், அவ்வூர்க்காரர்களால் ஏஓஎல் என்ற இணையச் சேவையில் கணக்குத் தொடங்க முடியாமல் போனது. இன்றைய ஏற்பாடு பல அடுக்குகளால் ஆனது. உரையாடலின் போக்கைக் கவனித்துப் பதில் சொல்லும் முதன்மை ஏஐ மாதிரி (மாடல்) ஒருபுறம் இருக்க, கேள்வியையும் பதிலையும் படித்து அவை எந்த வகையைச் சேர்ந்தவை என்று குறிக்கும் தனி மாதிரியையும் பல நிறுவனங்கள் வைத்துள்ளன. 2023 டிசம்பரில் மெட்டா வெளியிட்ட லாமா கார்ட் அத்தகையது. இவற்றோடு, சேவையை நடத்துபவர் முன்கூட்டியே கொடுத்துவைக்கும் அறிவுறுத்தலும் சேர்கிறது. ஒரே வாக்கியத்துக்குச் சிறுவர் கல்விச் செயலியில் ஒரு பதிலும் நாவலாசிரியருக்கான கருவியில் வேறொரு பதிலும் வருவது இதனால்தான்.

"முதலிரவுக் காட்சி ஒன்று எழுதிக் கொடு" என்று ஒருவர் கேட்பதாக வைத்துக்கொள்வோம். எவ்வளவு வெளிப்படையாக வேண்டும் என்று அவர் சொல்லவில்லை. மறுப்பது சோம்பேறித்தனம், எல்லாவற்றையும் அப்பட்டமாக எழுதித் தள்ளுவது அவர் கேட்காததைக் கொடுப்பது. இருவரின் தயக்கத்தையும் நெருக்கத்தையும் எழுதி, உரிய இடத்தில் காட்சியை நிறுத்திவிட்டு, மாற்றம் வேண்டுமா என்று இறுதியில் ஒரு வரி கேட்பதே என் பார்வையில் சரியான வழி. எழுதத் தொடங்கும் முன்பே "எதற்காகக் கேட்கிறீர்கள்?" என்று வினவினால், கேட்டவருக்கு விசாரணைக் கூண்டில் நிற்பதுபோல் இருக்கும்.

பதினொரு வயது மகளிடம் பூப்பெய்துதலைப் பற்றி எப்படிப் பேசுவது என்று ஒரு தாய் கேட்பது வேறு விதம். இதில் குழப்பமே இல்லை. ஆயினும் வயதும் உடலுறுப்புகளும் ஒரே கேள்வியில் வருவதால், கேள்வியை வகைப்படுத்தும் அந்தத் தனி மாதிரி மேலோட்டமாகப் படித்து மிரண்டுவிடக்கூடும். மறுப்பு உண்மையிலேயே கெடுதல் செய்யும் இடம் இதுதான். மாறாக, சிறாரைப் பாலியல் நோக்கில் சித்திரிக்கச் சொல்லும் கோரிக்கைக்கு, கற்பனைக் கதை என்ற சாக்குச் சொன்னாலும் சலுகை கிடையாது, கிடைக்கவும் கூடாது.

மிகையான மறுப்பையும் குறையாகவே கருதி அளக்கும் முயற்சிகள் உண்டு. 2023-இல் வெளியான எக்ஸ்எஸ்டெஸ்ட் என்ற சோதனைத் தொகுப்பில், கேட்பதற்கு ஆபத்தானவைபோல் தோன்றினாலும் தீங்கில்லாத 250 கேள்விகள் இருக்கின்றன. எனினும் நிறுவனங்கள் மறுப்பின் பக்கமே சாய்வதற்குக் காரணம் எளிது: தவறாக வெளிவந்த ஓர் ஆபாசப் பதில் ஸ்கிரீன்ஷாட்டாக ஊரெல்லாம் சுற்றும்; பதில் கிடைக்காமல் பேசாமல் போய்விட்டவரை யாரும் கணக்கில் எடுப்பதில்லை.

எனவே, கேட்கும்போதே நோக்கத்தையும் எல்லையையும் ஒரு வரியில் சொல்லிவிடுங்கள். "நான் மருத்துவர்" என்ற அறிமுகத்தை உதவியாளரால் சரிபார்க்க முடியாது; ஆனால் "அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு தாம்பத்திய உறவை எப்போது தொடங்கலாம்?" என்று விவரமாகக் கேட்டால், அறிமுகம் இல்லாமலேயே பெரும்பாலும் பதில் கிடைத்துவிடும்.