நார்வால், பெலுகா, நம் ஐராவதி டால்பின்: கேள்வி-பதில்

நார்வால், பெலுகா என்னும் துருவக் கடல் திமிங்கிலங்களைப் பற்றி மியான்மர் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில்.

நார்வாலுக்கு நெற்றியில் கொம்பு எதற்கு? (பாகோவிலிருந்து ஒரு மாணவி)

அது கொம்பு இல்லை அம்மா, பல். நெற்றியிலும் இல்லை. மேல்தாடையின் இடப்பக்கக் கோரைப்பல் உதட்டைத் துளைத்துக்கொண்டு வெளியே வந்து, இடப்புறமாக முறுக்கிக்கொண்டே இரண்டரை மீட்டருக்கு மேலும் வளர்கிறது. வலப்பக்கப் பல் பெரும்பாலும் எலும்புக்குள்ளேயே தங்கிவிடும். எப்போதாவது ஒன்றுக்கு இரண்டும் வளர்ந்துவிடுவது உண்டு. வாய்க்குள் வேறு உபயோகமான பல் கிடையாது. மீனை அப்படியே உறிஞ்சி விழுங்கிவிடும்.

எதற்கு என்பதில் இன்னும் விவாதம் நடக்கிறது. பெண்களில் மிகச் சிலவற்றுக்குத்தான் இந்தப் பல் நீளும். மற்ற பெண்கள் அது இல்லாமலேயே இரை தேடி நன்றாக வாழ்கின்றன. அதனால் பிழைப்புக்குக் கட்டாயமானது அல்ல. ஆண் மயிலுக்குத் தோகை போல, துணையைக் கவரவும் மற்ற ஆண்களிடம் தன் தகுதியைக் காட்டவும்தான் முதன்மையாக வளர்ந்தது என்பதே என் கருத்து. வேறு பயன்களும் உண்டு. கனடாவின் நூனவுட் பகுதியில் ட்ரோனில் எடுத்து 2017இல் வெளியான காட்சிகளில், நார்வால்கள் இந்தப் பல்லால் மீனைத் தட்டி நிலைகுலைய வைத்துப் பிடிப்பதைப் பார்க்கலாம். பல்லின் வெளிப்பரப்பிலிருந்து உள்ளே நரம்பு வரை நுண்ணிய குழாய்கள் ஓடுகின்றன. பல்லின் மேல் படும் நீரின் உப்பு கூடிக் குறைந்தால் இதயத்துடிப்பே மாறுகிறது என்று 2014இல் வெளியான ஆய்வு காட்டியது.

பெலுகா பிறக்கும்போதே வெள்ளையா? (மோல்மேன் வாசகர்)

இல்லை. குட்டி அடர்சாம்பல் நிறம். வளர வளர வெளுத்து, முழு வெள்ளையாகப் பல வருடங்கள் ஆகும். கோடையில் ஆற்று முகத்துவாரங்களுக்குக் கூட்டமாக வந்து, கூழாங்கல் தரையில் உடம்பைத் தேய்த்துப் பழைய தோலை உரித்துக்கொள்ளும்.

மிங்குன் பக்கம் ஐராவதி ஆற்றில் பார்த்த டால்பின் அச்சு அசல் பெலுகா மாதிரியே இருந்தது. சொந்தமா? (மண்டலே வாசகர்)

இந்தக் கேள்வி வந்ததில் எனக்கு மிகுந்த மகிழ்ச்சி. உங்கள் கண் பொய் சொல்லவில்லை. உருண்டைத் தலை, மூக்கு நீளாத முகம், பக்கவாட்டில் திரும்பும் கழுத்து, எல்லாம் இரண்டுக்கும் பொது. விலங்கியலாளர்கள் சிலரும் முன்பு நீங்கள் பார்த்த இந்த ஐராவதி டால்பினைப் பெலுகாவின் குடும்பத்தில்தான் சேர்த்திருந்தார்கள். மரபணுவைப் பார்த்த பிறகு அது டால்பின் குடும்பம் என்று உறுதியானது. பெலுகாவுக்கு நெருங்கிய உறவு நார்வால் மட்டும்தான்.

அடுத்த முறை முதுகைக் கவனியுங்கள். நம் டால்பினுக்குச் சின்னதாக ஒரு முதுகுத் துடுப்பு இருக்கும். பெலுகாவுக்கும் நார்வாலுக்கும் அது கிடையாது. பனிக்கட்டிக்கு அடியில் ஒட்டி நீந்த அது இல்லாததே வசதி.

நம் டால்பின் செய்யும் ஒரு காரியத்தைப் பெலுகாவும் செய்யாது, நார்வாலும் செய்யாது. மண்டலேக்கு வடக்கே மீனவர்கள் படகின் ஓரத்தைக் குச்சியால் தட்டிக் கூப்பிட்டால், அது வந்து மீன்களைப் படகு பக்கம் ஓட்டிவிடும். வாலால் ஜாடை காட்டியதும் வீச்சுவலை விழும். வலையோரம் தடுமாறுகிற மீன் டால்பினுக்கு. இத்தகைய உறவை உலகில் வெகு சில இடங்களில்தான் காண முடியும். மிங்குனிலிருந்து சௌக்மியாவ்ங் வரை 74 கிலோமீட்டர் 2005 முதல் பாதுகாக்கப்பட்ட பகுதி. ஆனாலும் செவுள்வலையும், தண்ணீரில் கரண்ட் பாய்ச்சி மீன் பிடிப்பதும் இவற்றைக் கொல்கின்றன. மிச்சம் நூறுகூட இல்லை. கரண்ட் வைத்துப் பிடித்த மீன் என்று தெரிந்தால் தயவுசெய்து வாங்காதீர்கள்.

நார்வாலும் பெலுகாவும் கூடிக் குட்டி போடுமா? (யாங்கோன் கல்லூரி மாணவர்)

ஒரே ஒரு உறுதியான சான்று இருக்கிறது. கிரீன்லாந்தின் டிஸ்கோ விரிகுடாவில் வேட்டைக்காரர் ஒருவர் வைத்திருந்த விசித்திரமான மண்டையோடு கோபன்ஹேகன் அருங்காட்சியகத்துக்கு வந்தது. 2019இல் மரபணுச் சோதனை முடிவு வெளியானது: தாய் நார்வால், தந்தை பெலுகா. நார்வாலை விடப் பற்கள் அதிகம், பெலுகாவை விடக் குறைவு. சில பற்களில் நார்வால் போலவே முறுக்கு. எலும்பின் வேதியியலைப் பார்த்தால், இரண்டு பெற்றோரைப் போலவும் இல்லாமல் கடலடித்தரையில் இரை தேடியிருக்கிறது என்று தெரிகிறது. எனக்கு மிகவும் பிடித்த கண்டுபிடிப்பு இது.

இவை அந்தமான் கடலுக்கு வருமா? (மெர்குயி வாசகர்)

வராது. தடித்த கொழுப்புப் படலத்தோடு வாழும் உடம்பு, நம் கடலின் சூட்டைத் தாங்காது. வழி தவறிய பெலுகா ஒன்று 2022இல் பிரான்சின் சேன் ஆற்றுக்குள் வந்து, இரை எடுக்காமல் மெலிந்து, மீட்க முயன்றபோது இறந்துபோனது.

திமிங்கிலங்களில் பாட்டிகள் உண்டா? (தாட்டோனிலிருந்து ஒரு அம்மா)

உண்டு அம்மா. குட்டி ஈனும் காலம் முடிந்த பிறகும் பெண்கள் பல காலம் வாழ்வது விலங்குகளில் மிக அபூர்வம். மனிதரைத் தவிரச் சில பல்திமிங்கில இனங்களில் அது உண்டு. பெலுகாவும் நார்வாலும் அவற்றில் சேர்த்தி என்று 2018இல் வெளியான ஆய்வு சொல்கிறது. வயதை எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள் என்றும் கேட்டிருக்கிறீர்கள். பெலுகாவுக்குப் பல்லை அறுத்து வளையங்களை எண்ணுகிறார்கள். நார்வாலுக்குக் கண் வில்லையில் உள்ள ஒரு அமினோ அமிலம் எவ்வளவு மாறியிருக்கிறது என்று அளக்கிறார்கள். அப்படி அளந்ததில் நூறு வயதைத் தாண்டிய ஒரு பெண் நார்வாலும் கிடைத்திருக்கிறது.