இரண்டு சம்பளம், ஐந்து பேர்: மகனையும் வேலைக்கு அனுப்பலாமா?

கேள்வி: நாங்கள் வியாசர்பாடியில் வசிக்கிறோம். கணவர் பழைய மகாபலிபுரம் சாலையில் ஓர் அலுவலக வளாகத்தில், ஒப்பந்ததாரர் மூலம் ஹவுஸ்கீப்பிங் வேலை பார்க்கிறார். சம்பளச் சீட்டில் 15,500 ரூபாய், கையில் 13,500 வருகிறது. நான் கீழ்ப்பாக்கத்தில் இரண்டு வீடுகளில் வேலை செய்து 8,000 ரூபாய் வாங்குகிறேன். மாமியார், பிளஸ் டூ முடித்த மகன், எட்டாம் வகுப்பு படிக்கும் மகள் என மொத்தம் ஐந்து பேர். சென்ற ஆண்டு கணவருக்கு மஞ்சள் காமாலை வந்து ஆறு வாரம் சம்பளம் இல்லை. அப்போது தண்டலுக்கு வாங்கிய கடன் இன்னும் அடையவில்லை. இருவரும் உழைத்தும் ஏன் நிமிர முடியவில்லை? மகனை டெலிவரி வேலைக்கு அனுப்பினால் சரியாகுமா? (பெயர் வெளியிட விரும்பாத வாசகி)

பதில்: அன்புச் சகோதரிக்கு, வேலை கிடைத்துவிட்டால் வறுமை தானாக விலகும் என்று அரசுகளே நம்பிக்கொண்டிருக்கும்போது, நீங்கள் கேட்பது நியாயமான கேள்வி. ஆப்பிரிக்காவின் நைஜர் நாட்டில் வேலையின்மை விகிதம் ஒரு சதவீதத்துக்கும் கீழே இருக்கிறது; தென்னாப்பிரிக்காவிலோ 30 சதவீதத்துக்கும் மேல். ஆனாலும் இவ்விரண்டில் மிகவும் ஏழை நாடு நைஜர்தான். வாரத்தில் ஒரு மணி நேரம் வருமானத்துக்காக உழைத்தவரும் புள்ளிவிவரத்தில் வேலை உள்ளவராகவே கணக்கிடப்படுகிறார் என்பதும், சேமிப்போ அரசு உதவித்தொகையோ இல்லாத நாட்டில் யாராலும் வேலையில்லாமல் காத்திருக்க முடியாது என்பதும் இதற்குக் காரணங்கள். நல்ல வேலை வரட்டும் என்று வீட்டில் உட்கார்ந்திருப்பதற்கும் கொஞ்சம் வசதி வேண்டும் அல்லவா? பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் கணக்குப்படி, 2023-இல் உலகில் சுமார் 24 கோடிப் பேர் வேலையில் இருந்துகொண்டே கடும் வறுமையில் வாழ்ந்தார்கள். பணக்கார நாடுகளும் இதற்கு விலக்கல்ல. அமெரிக்காவில் ஒன்றிய அரசு நிர்ணயித்த குறைந்தபட்ச ஊதியம் 2009 முதல் மணிக்கு 7.25 டாலரிலேயே நிற்கிறது.

உங்கள் வீட்டு வருமானம் 21,500 ரூபாய். ஐந்தால் வகுத்தால் தலைக்கு மாதம் 4,300, நாளுக்கு ஏறத்தாழ 143 ரூபாய். உலக வங்கி 2025-இல் கடும் வறுமைக்கோட்டை நாளுக்கு மூன்று டாலராக மாற்றியது. அதைச் சந்தை மாற்று விகிதத்தில் பார்க்கக் கூடாது. உள்ளூர் விலைவாசிக்கு ஏற்ப மாற்றிப் பார்க்க வேண்டும். அப்படிப் பார்த்தால் நீங்கள் கோட்டுக்கு மேலே இருக்கிறீர்கள். வாடகையும் கேஸ் சிலிண்டரும் உங்களுக்கு வேறு கதை சொல்லும் என்பது எனக்குத் தெரியும். ஆனால் உங்களைக் கீழே தள்ளியது மாதச் சம்பளத்தின் அளவைவிட அந்த ஆறு வாரங்கள்தான் என்று உங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்குப் பட்டது.

கணவரின் சம்பளச் சீட்டில் பிடித்தம் ஏறத்தாழ 2,000 ரூபாய். பி.எஃப். தவிர, 0.75 சதவீதம், அதாவது 117 ரூபாய் அளவில் ஈ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) பிடித்தமும் அதில் இருக்க வேண்டும். மாதச் சம்பளம் 21,000 ரூபாய்க்கு மேற்படாத தொழிலாளர்களுக்கான இந்தத் திட்டத்தில் நிறுவனமும் தன் பங்காக 3.25 சதவீதம் கட்டுகிறது. உரிய ஆறு மாதக் காலத்தில் குறைந்தது 78 நாட்களுக்குச் சந்தா கட்டியிருந்தால், ஈ.எஸ்.ஐ. மருத்துவர் சான்று தரும் நோய் நாட்களுக்கு ஊதியத்தில் 70 சதவீதம் கிடைக்கும். ஆண்டுக்கு 91 நாட்கள் வரை இதைப் பெறலாம். உங்கள் கணவருக்கு அந்த ஆறு வாரத்துக்கு 14,000 ரூபாய்க்கு மேல் வந்திருக்கும். மருத்துவச் செலவும் இருந்திருக்காது. குடும்பத்தினருக்கும், அவரைச் சார்ந்திருக்கும் தாயாருக்கும் இந்த மருத்துவ வசதி உண்டு. மருந்தகத்தில் கூட்டம் என்பதால் பலரும் அந்தப் பக்கமே போவதில்லை. சீட்டில் பிடித்தம் இருந்தும் பணம் கட்டப்படாமல் இருப்பதும் உண்டு என்பதால், காப்பீட்டு எண்ணை வாங்கிச் சந்தா வரவை உடனே சரிபாருங்கள். ஒப்பந்ததாரர் கட்டாமல் விட்டிருந்தால், அந்தப் பொறுப்பு முதன்மை நிறுவனத்தையே, அதாவது ஒப்பந்ததாரரை அமர்த்திய நிறுவனத்தையே சேரும்.

அடுத்தது தண்டல். 10,000 ரூபாய்க் கடனுக்கு 1,500-ஐப் பிடித்துக்கொண்டு 8,500-ஐக் கையில் தந்து, நாளுக்கு 100 வீதம் 100 நாள் வசூலிப்பது வடசென்னையில் வழக்கம். நாள்தோறும் அடைபடுவதால் உங்களிடம் சராசரியாக நிற்கும் கடன் 4,250 ரூபாய்தான்; அதற்கு 100 நாளில் 1,500 ரூபாய் வட்டி என்றால், எளிய கணக்கிலேயே ஆண்டுக்கு 125 சதவீதத்தைத் தாண்டுகிறது. ஒரு சவரன் நகை இருந்தாலும் கூட்டுறவு வங்கியில் அடகு வைத்துத் தண்டலை அடைப்பது லாபம். நகை இல்லையென்றால் மகளிர் சுயஉதவிக் குழு மூலம் வங்கிக் கடன் கேளுங்கள்.

இனி மகன். டெலிவரி வேலையில் முதல் மாதமே பணம் வரும் என்பதை மறுக்க மாட்டேன். ஆனால் பெட்ரோல், வண்டித் தவணை, பழுது எல்லாம் அவன் கணக்கில்தான் விழும். வண்டி விபத்தில் கால் உடைந்தால் அந்த ஆறு வாரம் மறுபடியும் உங்கள் வீட்டுக்கு வரும். 18 வயது நிறையவில்லை என்றால் கியர் வண்டிக்கு உரிமமும் கிடைக்காது. அம்பத்தூரிலோ கிண்டியிலோ உள்ள அரசு ஐ.டி.ஐ.யில் (தொழிற்பயிற்சி நிலையத்தில்) சேர்ந்தால் கட்டணம் இல்லை. மாதம் 750 ரூபாய் உதவித்தொகை உண்டு. ஆறாம் வகுப்பு முதல் அரசுப் பள்ளியில் படித்தவன் என்றால், 2024-இல் தொடங்கிய தமிழ்ப் புதல்வன் திட்டத்தில் மேலும் 1,000 ரூபாய் வரும். ஐ.டி.ஐ. முடித்தவர்களும் ஒரகடத்திலும் ஸ்ரீபெரும்புதூரிலும் பெரும்பாலும் ஒப்பந்தத் தொழிலாளர்களாகத்தான் தொடங்குகிறார்கள். இருந்தாலும் எலக்ட்ரீஷியனோ ஏ.சி. மெக்கானிக்கோ, கையில் தொழில் இருப்பவர் சம்பளத்தைப் பேசி வாங்க முடியும். டெலிவரியில் ஒரு பார்சலுக்கு எவ்வளவு என்பதைச் செயலிதான் முடிவு செய்கிறது. வீட்டுக்கு இப்போதே பணம் அவசரம் என்றால், படிப்பு நேரம் போக மாலையில் பகுதி நேர வேலை பார்க்கட்டும்; படிப்பை விட வேண்டாம்.

நீங்களும் விடுபட்டுப்போகக் கூடாது. வீட்டுப் பணியாளர்களுக்கான நலவாரியம் தமிழ்நாட்டில் 2007 முதல் இருக்கிறது. அதில் பதிவு செய்தால் பிள்ளைகளின் படிப்புக்கு உதவித்தொகை உண்டு, ஐ.டி.ஐ. படிப்பும் அதில் அடங்கும். 60 வயதுக்குப் பிறகு ஓய்வூதியமும் உண்டு. ஆதார், குடும்ப அட்டை, வங்கிக் கணக்குப் புத்தகம் ஆகியவற்றுடன் தொழிலாளர் துறை அலுவலகத்துக்குச் சென்று விசாரியுங்கள். மகனின் சேர்க்கைக்கு முன்பே பதிவு முடிந்துவிடுவது நல்லது.