11 புத்தகம் வாங்கியாச்சு, இன்னும் ஒரு ஷாட்கூட எடுக்கல அக்கா!

கேள்வி: அக்கா, நான் சுங்கை சிப்புட் பக்கத்துல ஒரு தோட்டம். வயசு 20. எஸ்பிஎம் முடிச்சிட்டு டவுன்ல ஒரு பல் கிளினிக்ல கவுண்டர்ல வேலை செய்றேன். அப்பா செம்பனை குலை வெட்டறாரு. எனக்கு டைரக்டர் ஆகணும். சினிமா பத்தி இதுவரைக்கும் 11 புத்தகம் வாங்கிட்டேன், பாதி இங்கிலீஷ், ஒண்ணையும் முழுசா முடிக்கல, ஒரு குறும்படம்கூட எடுக்கல. இன்னும் 300 வெள்ளி சேத்து வச்சிருக்கேன். எந்த புத்தகம் வாங்கட்டும்? இந்த ஃபீல்டுக்குள்ள எப்படி போறதுன்னு சொல்ற புத்தகம் எதாவது இருக்கா? அம்மா வேற "நம்ம ஆளுங்களுக்கு அங்க என்ன வேலை, ராத்திரி பகலா சுத்தணும்"னு ஒரே பாட்டு. - ம., சுங்கை சிப்புட்

பதில்: தங்கச்சி, மொதல்ல அந்த 300 வெள்ளிய எடுத்த எடத்துலயே திருப்பி வை. பதில் படிச்சிட்டு அப்புறம் தொடு.

நீ கடைசியா கேட்டதுக்கு மொதல்ல வர்றேன். உள்ள எப்படி போறதுன்னு சொல்ற புத்தகம் இருக்கு, நானே ஒண்ணு வாங்கியிருக்கேன். 22 வயசுல ஈப்போல ஒரு பழைய புத்தகக் கடையில, நல்லா தடிமனா, அமெரிக்காக்காரர் எழுதுனது. ஏஜெண்டு எப்படி பிடிக்கறது, ஸ்டூடியோவுக்கு லெட்டர் எப்படி போடறது, லாஸ் ஏஞ்சலஸ்ல எந்தப் பக்கம் வாடகை கம்மி, எல்லாம் இருந்துச்சு. நான் அத சிவப்பு பேனாவால கோடு போட்டு படிச்சேன், நான் இருந்ததோ பாகான் செராய் பக்கம் ஒரு தோட்டத்துல, லாஸ் ஏஞ்சலஸ் வாடகைய தெரிஞ்சுக்கிட்டு நான் என்ன பண்ணப் போறேன், சொல்லு.

நான் உண்மையில உள்ள போன கதை என்ன தெரியுமா. எங்க அத்தை பையன் ஒரு டிவி நாடக ஷூட்டிங்குக்கு வேன் ஓட்டுனான். சாப்பாடு பொட்டலம் குடுக்கற ஆளு வரலன்னு என்னை கூட்டிட்டுப் போனான். 3-வது நாள் கன்டினியூட்டி பாக்கற பொண்ணுக்கு, அதாவது ஷாட்டுக்கு ஷாட் சேலை, நகையெல்லாம் மாறிடாம நோட்டுல எழுதி வைக்கற பொண்ணுக்கு, காய்ச்சல் வந்துடுச்சு. அசிஸ்டண்ட் டைரக்டர் வந்து "இங்க யாருக்கு கையெழுத்து நல்லா இருக்கும்"னு கேட்டாரு. அவ்ளோதான் என்னோட இன்டர்வியூ. தமிழ்ப்பள்ளியில டீச்சர் கைய தட்டித் தட்டி எழுத வச்சது அன்னிக்கு சோறு போட்டுச்சு.

நம்ம ஊருல தமிழ் வேலை பெரும்பாலும் ஆஸ்ட்ரோவுக்கும் ஆர்டிஎம்முக்கும் நாடகம் செஞ்சு குடுக்கற சின்னச் சின்ன கம்பெனிகள்லதான் இருக்கு. அவங்க தயாரிப்பு பண்ண ஃபினாஸ் லைசன்ஸ் எடுத்திருக்கணும், 1981-ல வந்த நம்ம நாட்டு திரைப்பட வளர்ச்சிக் கழகம் அது, யாராவது வேலைக்கு கூப்பிட்டா லைசன்ஸ் இருக்கான்னு கேக்கறது தப்பே இல்ல. மத்தபடி ஏஜெண்டும் கிடையாது ஒண்ணும் கிடையாது, "நாளைக்கு காலையில 5 மணிக்கு வர முடியுமா"ன்னு ஒரு போன் வரும், வர முடியும்னு சொல்றவங்கதான் உள்ள இருக்காங்க. அதனால அந்த வகை புத்தகம் உன் 11-ல இருந்தா அத அலமாரியில அடில வை. அது பொய் சொல்லுதுன்னு இல்ல, அது வேற ஊரு வாசல பத்தி பேசுது.

ஆனா ஒருத்தர் ஒரு படத்த எப்படி எடுத்தேன்னு உக்காந்து சொன்ன புத்தகம் இருக்கு பாரு, அது எந்த ஊரா இருந்தாலும் நமக்கு பேசும். அதுல உனக்கு நாலஞ்சு சொல்றேன், ஏற்கனவே உன்கிட்ட இருக்கவும் சான்ஸ் இருக்கு.

சத்யஜித் ரே எழுதின கட்டுரைகள் 1976-ல ஒரு தொகுப்பா வந்துச்சு, 'அவர் ஃபிலிம்ஸ், தேர் ஃபிலிம்ஸ்'. அதுல 'பதேர் பாஞ்சாலி' எடுத்த கதைய சொல்ற ஒரு கட்டுரை இருக்கு, வேற எதுவும் படிக்கலன்னாலும் அத மட்டும் படி. மனுஷன் அப்ப கல்கத்தாவுல விளம்பரக் கம்பெனி வேலையில இருந்தாரு, லீவு நாள்லதான் ஷூட்டிங். கதையில வர்ற அக்காவும் தம்பியும் வெள்ளை வெள்ளையா நாணல் பூத்த வெளியில ஓடிப்போய் ரயில பாக்கற காட்சிய பாதி எடுத்துட்டு, மீதிய அடுத்த வாரம் எடுக்கலாம்னு போனா பூவே இல்ல. மாடு மேஞ்சுட்டுப் போயிடுச்சு. அடுத்த வருஷம் திரும்ப பூக்கற வரைக்கும் காத்திருந்து எடுத்திருக்காரு! நடுவுல காசு தீந்து போய் வீட்டம்மா நகைய அடகு வச்சு, கடைசியில மேற்கு வங்காள அரசாங்கம் காசு குடுத்து 1955-ல படம் வந்துச்சு. நான் இத படிச்சப்ப எங்க லயத்துக்குப் பின்னாடி இருந்த லாலாங் காடுதான் ஞாபகம் வந்துச்சு, அதே வெள்ளப் பூ, அதே மாதிரி எவன் மாடுன்னே தெரியாம மேயுற மாடுங்க. உன் தோட்டத்துலயும் இருக்கும், இல்லாம இருக்காது. நீயும் கிளினிக் வேலைக்குப் போயிட்டு ஞாயித்துக்கிழமை மட்டும் எடுக்கற ஆளுதானே, அவருக்கு இருந்த பிரச்சன உனக்கு அப்படியே வரும்.

அடுத்தது அமெரிக்க டைரக்டர் சிட்னி லூமெட்டோட 'மேக்கிங் மூவீஸ்', 1995. அவரு டிவி நாடகத்துல வேலை கத்துக்கிட்டு சினிமாவுக்கு வந்தவரு, அதனால நம்ம மாதிரி டிவி ஆளுங்களுக்கு அவரு பேச்சு சட்டுனு பிடிபடும். கதை, கேமரா, ஆர்ட், எடிட்டிங், சவுண்டுன்னு ஒவ்வொரு வேலைக்கும் ஒரு அத்தியாயம். '12 ஆங்ரி மென்' 1957-ல வந்த அவரோட முதல் படம், முக்காவாசி ஒரே ரூம்ல நடக்கற கதை. அதுல படத்தோட முதல் மூணுல ஒரு பங்க கண்ணுக்கு மேல இருந்து எடுத்தாராம், நடுப் பங்க கண்ணு உயரத்துல, கடைசிப் பங்க கண்ணுக்கு கீழ கேமரா வச்சு. லென்ஸையும் போகப் போக நீளமா மாத்திக்கிட்டே போனதால செவுரு நெருங்கி வர்ற மாதிரியும், கடைசியில சீலிங்கே தெரிஞ்சு ரூம் அமுக்கற மாதிரியும் இருக்கும். பாக்கறவங்களுக்கு ஏன் மூச்சு முட்டுதுன்னே தெரியாது.

இத படிச்சிட்டு "ஆஹா"ன்னு மூடி வச்சா அது 12-வது புத்தகம் ஆயிடும். இந்த வாரமே உங்க வீட்டு முன் ரூம்ல அம்மாவ காய் நறுக்க வச்சு, அப்பாவோட பேசிக்கிட்டிருக்கற மாதிரி 3 நிமிஷம் எடு, மொத நிமிஷம் நாற்காலி மேல ஏறி நின்னு, ரெண்டாவது உக்காந்து, மூணாவது தரையில படுத்து தகரக் கூரை தெரியற மாதிரி. உன் ஹேண்ட்ஃபோன் போதும். எடுக்கும்போது ஸ்கிரீன்ல விரல அழுத்திப் பிடிச்சு வெளிச்சத்த லாக் பண்ணிடு, இல்லன்னா ஜன்னல் பக்கம் யாராவது போனா மூஞ்சி கறுத்துடும், செம்பனைக்குள்ள எடுத்தா இன்னும் மோசம், வெயிலு ஓலைக்கு நடுவுல துண்டு துண்டா விழும், ஃபோன் ஒவ்வொரு துண்டுக்கும் மனசு மாறிக்கிட்டே இருக்கும். லூமெட் ஷூட்டிங்குக்கு முன்னாடி ரெண்டு வாரம் மாதிரி ரிகர்சல் பண்ணுவாரு, அதுக்கு காசே வேணாம், ஆனா நம்ம ஆளுங்க அதத்தான் மொதல்ல வெட்டுவாங்க, ஏன்னு இன்னிக்கு வரைக்கும் எனக்குப் புரியல.

இப்ப என் மானம் போன கதை. கன்டினியூட்டி நோட்டு என் கையில வந்த அந்த நாடகத்துல, ஹீரோயின் கோவில்ல இருந்து அழுதுக்கிட்டே வீட்டுக்கு வர்றா. வாசல் ஷாட் செவ்வாக்கிழமை ஒரு தோட்டத்து வீட்டுல, உள்ள வர்ற ஷாட் சனிக்கிழமை ஈப்போல வேற வீட்டுல. நான் சேலை கலர், வளையல் எத்தனை, பொட்டு என்ன சைஸ், பை எந்தக் கையில, எல்லாம் எழுதுனேன். தலையில இருந்த மல்லிப்பூவ எழுதல. வாசல்ல ரெண்டு முழம் பூவோட நிக்கறா, நிலைய தாண்டுனா பூ இல்ல! எடிட்டிங்ல பாத்துட்டு நான் அழுதே போயிட்டேன். எடிட்டர் அண்ணன் ஒரு வாட்டி ஓட்டிப் பாத்தாரு, "அந்தப் பொண்ணு என்னமா அழுவுது, விடு, எவனும் பூவ பாக்க மாட்டான்"னு அப்படியே விட்டுட்டாரு. ஒளிபரப்பு ஆச்சு, ஒருத்தரும் கேக்கல. எங்க பக்கத்து வீட்டு பாட்டிய தவிர. அவங்க மட்டும் "பூவ கழட்டி சாமிக்கு போட்டுட்டாளா"ன்னு கேட்டாங்க.

ரொம்ப வருஷம் கழிச்சு வால்டர் மர்ச்சோட 'இன் த ப்ளிங்க் ஆஃப் ஆன் ஐ' படிச்சப்பதான் அந்த எடிட்டர் அண்ணன் படிக்காமலே தெரிஞ்சு வச்சிருந்தது என்னன்னு புரிஞ்சுது. 'அபோகலிப்ஸ் நவ்' எடிட் பண்ணவங்கள்ல இவரும் ஒருத்தரு. ஒரு ஷாட்ட எங்க வெட்டி அடுத்தத ஒட்டணும்னு ஒரு கணக்கு போட்டிருக்காரு: உணர்ச்சிக்கு 51 மார்க், கதைக்கு 23, தாளத்துக்கு 10, பாக்கறவங்க கண்ணு எங்க இருக்குங்கறதுக்கு 7, திரையோட தட்டையான அமைப்புக்கு 5, ரூம்ல யாரு எங்க நின்னாங்கங்கற இடக் கணக்குக்கு வெறும் 4. உணர்ச்சி மட்டும் மத்த அஞ்சையும் சேத்தத விட கூட. பூவ பத்தி அவரு ஒண்ணும் சொல்லல, ஆனா நான் அழுத அழுகைக்கு மார்க்கு அந்த நாலுக்கும் கீழதான் வரும்னு நினைக்கறேன். அதுக்காக நோட்டு எழுதாம இருந்துடாத, வேலைக்குப் போனா உன்ன அந்த நாலு மார்க்குக்குத்தான் திட்டுவாங்க. சின்னப் புத்தகம், ஒரே ஞாயித்துக்கிழமையில முடிச்சிடலாம்.

ராபர்ட் ரோட்ரிகஸ் புத்தகம் கண்டிப்பா உன் 11-ல இருக்கும்னு பந்தயம் கட்டறேன், எல்லார்கிட்டயும் இருக்கு, 'ரெபெல் விதவுட் எ க்ரூ'. 7,000 டாலர்ல 'எல் மரியாச்சி' எடுத்தது, அந்தக் காசுக்கு மருந்து பரிசோதனைக்கு உடம்ப குடுத்துட்டு அங்கேயே படுத்துக்கிட்டு கதை எழுதுனது. படிக்க ஜோரா இருக்கும். ஆனா ரெண்டு விஷயம். ஒரு படத்த மக்களுக்கு காட்டற வரைக்கும் ஆகற மொத்தச் செலவு அந்த 7,000 இல்ல, தியேட்டருக்கு கொண்டுவர ஸ்டூடியோ அதுக்கு மேல பல மடங்கு செலவு பண்ணுச்சு. உடம்ப குடுக்கற வேலையும் வேணாம். அதுல எடுத்துக்க வேண்டியது ஒண்ணுதான், கையில என்ன இருக்குன்னு பாத்துட்டு அதுக்கு கதை எழுதுனாரு. அவருக்கு ஒரு பஸ்ஸு, ஒரு நாயி, ஒரு கிட்டார் பெட்டி. உன்கிட்ட குலை ஏத்தற லோரி, கோவில் பந்தல், பல் கிளினிக். பல் கிளினிக்க லேசா நினைக்காத, வாய தொறந்துட்டு படுத்திருக்கறவங்ககிட்ட யாரு வேணா என்ன வேணா பேசலாம், அவங்களால பதில் சொல்ல முடியாது. அதுலயே ஒரு குறும்படம் இருக்கு.

தமிழ்ல வேணும்னா சுஜாதாவோட 'திரைக்கதை எழுதுவது எப்படி?' போதும், 'ரோஜா'வுக்கு வசனம் எழுதுன ஆளு, சுத்தி வளைக்காம சொல்வாரு. சிட் ஃபீல்டு 1979-ல எழுதுன 'ஸ்கிரீன்ப்ளே' பெரிய பேரு, ஆனா அதுல சொல்ற ஒரு பக்கம்னா ஒரு நிமிஷம்ங்கற கணக்கு அமெரிக்காக்காரங்க திரைக்கதை எழுதற ஃபார்மேட்டுக்கு. நம்ம பாதி மலாய் கலந்து பேசற வசனத்துக்கு வாய்விட்டு படிச்சு ஃபோன்ல நேரம் பாரு, அதுதான் சரியா வரும்.

அம்மாவுக்கு வருவோம். நம்ம ஆளுங்களுக்கு அங்க என்ன வேலைன்னு கேட்டாங்கள்ல, மலாய் சினிமாவோட பெரிய நட்சத்திரம் பி. ரம்லிய 1950-ல 'பக்தி' படத்துல ஹீரோவா போட்டு எடுத்தவரு பேரு எல். கிருஷ்ணன், மெட்ராஸ்ல பொறந்து சின்ன வயசுல இங்க வந்தவருன்னு சொல்லு. அப்புறம் 'செம்மண் சாலை' 2005-ல வந்துச்சு, ரப்பர் தோட்டத்துக் குடும்பத்து கதை, 2015-ல 'ஜகாட்', தோட்டத்த விட்டு வெளிய வந்த நம்ம சனங்க கதை. ரெண்டும் கிடைச்சா அம்மாவ பக்கத்துல உக்கார வச்சு பாரு, உன் 11 புத்தகத்த விட அது வேலை செய்யும்.

ராத்திரி சுத்தறத பத்தி அவங்க சொல்றது தப்பில்ல, அத சிரிச்சு தள்ளாத. வேலைக்கு கூப்பிட்டா எங்க தங்க வைக்கறாங்க, குழுவுல வேற எத்தனை பொண்ணுங்க, முடிஞ்சா யாரு கொண்டுவந்து விடறாங்க, காசு எந்தத் தேதி, இந்த நாலையும் வாட்ஸப்ல கேட்டு பதில வாட்ஸப்லயே வாங்கி வை. வாயால கேட்டா காத்தோட போயிடும். என் மொத வேலைக்கு 900 வெள்ளி பேசுனாங்க, "அடுத்த நாடகத்து காசு வந்தா தரேன் மா"ன்னாரு தயாரிப்பாளரு, அடுத்த நாடகம் வந்துச்சு, அதுக்கடுத்ததும் வந்துச்சு. காசு வரல. என்கிட்ட காட்ட ஒரு துண்டு காகிதம் இல்ல.

இப்ப அந்த 300. காலர்ல மாட்டற மைக் சாதாரணமா ஒண்ணு வாங்கு, மிச்சத்துல எடுத்தத சேத்து வைக்க ஒரு ஹார்டு டிஸ்க். சவுண்டு கேக்கலன்னா நல்ல படத்தையும் எந்திரிச்சுப் போயிடுவாங்க. புத்தகத்துக்கு காசு போடாத, உன்கிட்ட இருக்கற 11 என்னென்னன்னு எழுதி அனுப்பு, எத மொதல்ல முடிக்கலாம்னு சொல்றேன். மர்ச் மட்டும் இல்லன்னா என்னோடத பத்திரிகை ஆசிரியர்கிட்ட குடுத்து அனுப்பறேன், படிச்சிட்டு பத்திரமா திருப்பி அனுப்பிடணும். நடுவுல ரெண்டு பக்கத்துல மைலோ கொட்டி ஒட்டிக்கிட்டிருக்கும், அது நான் பண்ணது.