சிவதேரியம் என்றால் என்ன? அழிந்துபோன மாடு, மான் எல்லாவற்றுக்கும் அந்தப் பெயர் பொருந்துமா?

வாட்ஸ்அப்பில் வந்த ஒரு படத்தை வைத்து இரண்டு கேள்விகள் கேட்டிருக்கிறீர்கள். சிவதேரியம் என்பது நந்தியின் மூதாதையா? கல்லூரி மலருக்கு எழுதும் கட்டுரையில், அழிந்துபோன அசைபோடும் விலங்குகளை எல்லாம் சேர்த்து 'சிவதேரியம்' என்று எழுதலாமா?

இரண்டுக்கும் பதில் 'இல்லை' என்பதுதான். சிவதேரியம் மாடு அல்ல, மானும் அல்ல. ஒட்டகச்சிவிங்கிக் குடும்பத்தில் இருந்து அழிந்துபோன ஒரே ஒரு பேரினத்தின் பெயர் அது. பேரினம் என்றால் நெருங்கிய சில இனங்கள் சேர்ந்த தொகுதி. இந்தியாவில் கிடைத்தது சிவதேரியம் ஜைகான்டியம் என்ற இனம், ஆப்பிரிக்காவில் கிடைத்தது சிவதேரியம் மோருசியம். பெயரின் எல்லை அவ்வளவுதான்.

நான் கோத்தகிரியில் இருக்கிறேன். பள்ளிப் பிள்ளைகளைச் சோலையோரம் அழைத்துப்போய் விலங்குகளைப் பற்றிச் சொல்லிக்கொடுப்பது என் வேலை. இந்தப் படம் அவர்கள் வழியாக எனக்கும் வந்தது, இதே கேள்விகளோடு. அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் அசைபோடுவது. எங்கள் ஊரில் இதைப் பார்க்கக் காட்டுக்குள் போகவே வேண்டாம். காட்டெருமைகள் தேயிலைத் தோட்டத்துக்குள் வந்து மேய்ந்துவிட்டு, வெயில் ஏறியதும் செடிகளுக்கு நடுவே படுத்துக்கொள்ளும். தூரத்தில் நின்று கவனித்தால் கீழ்த்தாடை பக்கவாட்டில் அரைத்துக்கொண்டே இருப்பது தெரியும். திடீரென்று வாய் நிற்கும், விழுங்கும். சில நொடிகளில் கழுத்தின் அடியிலிருந்து ஓர் உருண்டை தோலுக்கடியில் மேலே ஏறும். வாய்க்கு வந்ததும் மறுபடி அரைப்பு தொடங்கிவிடும். புல்லை அவசரமாக விழுங்கி முதல் அறையில் நுண்ணுயிரிகளிடம் ஊறவிட்டு, பிறகு நிதானமாக வாய்க்குக் கொண்டுவந்து அரைப்பது. இதற்காகவே இரைப்பை நான்கு அறைகளாக இருக்கிறது. கடமான், புள்ளிமான், கேளையாடு, வரையாடு, தோடர்களின் எருமை எல்லாம் இந்தக் கூட்டம்தான். நம் காடுகளில் இருக்கும் சருகுமானும் இதில் சேரும். ஆனால் அதற்கு மூன்று அறைதான் சரியாக வளர்ந்திருக்கும். இந்தக் கூட்டத்தில் மிகப் பழைய கிளை அதுதான்.

ஆனால் இரைப்பை புதைபடிவமாகக் கிடைப்பதில்லை. பல லட்சம் ஆண்டுகளுக்கு முன் செத்த விலங்கு அசைபோட்டதா என்பதை எலும்பை வைத்துத்தான் சொல்ல முடியும். அதற்கு நல்ல சாட்சி கொம்பு அல்ல, கணுக்கால்.

வீட்டில் ஆட்டின் பின்னங்கால் வாங்கினால், அது பின்பக்கமாக மடங்கும் மூட்டைச் சமைத்த பிறகு பிரித்துப் பாருங்கள். மேலும் கீழும் உருளை போல வழவழப்பாக ஒரு சின்ன எலும்பு வரும். இரட்டைக் குளம்புள்ள எல்லா விலங்குக்கும், பன்றிக்கும்கூட, இந்த இரட்டை உருளை உண்டு. அதற்குக் கீழே ஒரு தட்டையான எலும்பு உட்கார்ந்திருக்கும். பன்றியிலும் ஒட்டகத்திலும் அந்த இடத்தில் தனித்தனியாக இரண்டு எலும்புகள் இருக்கும். ஆட்டில் அவை ஒன்றாக ஒட்டிப்போயிருக்கும். மாட்டிலும் மானிலும் ஒட்டகச்சிவிங்கியிலும் அப்படியே. ஒட்டகமும் அசைபோடும் விலங்குதான், ஆனால் அது தனிக் கிளையாக அந்தப் பழக்கத்துக்கு வந்தது. அதைக் காட்டிக்கொடுப்பதே இந்த எலும்புதான். என் பிள்ளைகளுக்கு நான் காட்டுவதும் இறைச்சிக் கடையில் வாங்கிய இந்த ஆட்டெலும்பைத்தான். காட்டில் கிடக்கும் எலும்பையோ, கடமான் உதிர்த்த கொம்பையோ எடுத்துவரக் கூடாது, சட்டப்படி குற்றம்.

சரி, சிவதேரியத்துக்கு வருவோம்.

1830களில் சகாரன்பூர் தாவரவியல் தோட்டத்தின் கண்காணிப்பாளராக இருந்தவர் ஹியூ ஃபால்கனர் என்ற ஸ்காட்லாந்து மருத்துவர். பக்கத்தில் கால்வாய் வேலை பார்த்துக்கொண்டிருந்தவர் புரோபி காட்லி என்ற பொறியாளர். பின்னாளில் கங்கைக் கால்வாயைக் கட்டியவர் இவரே. இருவரும் இமயமலை அடிவாரத்துச் சிவாலிக் குன்றுகளில் எலும்புகளைத் தேடினார்கள். இமயத்திலிருந்து இறங்கிய ஆறுகள் கொட்டிய மணலும் வண்டலும் இறுகி உண்டான குன்றுகள் அவை. அதனால் புதைபடிவங்கள் அங்கே கொட்டிக்கிடந்தன. யானை, நீர்யானை, பிரம்மாண்டமான ஆமை என்று வரிசையாகக் கிடைத்தவற்றில், அகன்ற பெரிய மண்டையோடு ஒன்றும் இருந்தது. அதற்கு 1836இல் அவர்கள் வைத்த பெயர்தான் சிவதேரியம். சிவாலிக்கில் கிடைத்ததால் சிவன் பெயர். 'தேரியம்' விலங்கு என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. ஊரை நினைவில் வைத்துக் கொடுத்த பெயர் அது. நந்திக்கும் இந்த எலும்புக்கும் அதைத் தாண்டிய தொடர்பு எதுவும் இல்லை. 1837இல் லண்டன் புவியியல் கழகம் இந்த வேலைக்காக இருவருக்கும் வொலாஸ்டன் பதக்கம் கொடுத்தது.

ஃபால்கனரைப் பற்றி நீலகிரிக்காரனாக இன்னொன்றும் சொல்ல வேண்டும். இமயமலை அடிவாரத்தில் தேயிலை வளருமா என்று பார்க்கும் ஆரம்பக்கட்ட முயற்சிகள் அவர் கண்காணிப்பில் நடந்தவை. பிற்பாடு இந்தியாவில் சின்கோனா, அதாவது மலேரியா மருந்தான குயினைன் தரும் மரம், வளர்க்கலாம் என்று பரிந்துரைத்தவர்களிலும் அவர் ஒருவர். அந்தச் சின்கோனா 1860இல் எங்கள் மலைக்கே வந்து சேர்ந்தது. இத்தனைக்கும் நடுவில் எலும்பு பொறுக்க அவருக்கு எப்படித்தான் நேரம் இருந்ததோ என்று எனக்கு ஆச்சரியம் தீரவில்லை.

இப்போது முக்கியமான இடம். அந்த மண்டையோட்டைப் பார்த்தவர்களுக்கு அது என்ன விலங்கு என்பதில் ஒற்றுமை வரவில்லை. மூக்கெலும்பு அமைந்த விதத்தைப் பார்த்து, இதற்குச் சின்னத் தும்பிக்கை இருந்திருக்கும், யானை போன்ற தடித்தோல் விலங்குகளுக்கும் அசைபோடும் விலங்குகளுக்கும் இடையில் இதை வைக்கலாம் என்று ஃபால்கனரும் காட்லியும் நினைத்தார்கள். பிரான்சில் ஜெஃப்ராய் செந்திலேர் என்ற விலங்கியலாளர் இது ஒட்டகச்சிவிங்கிக்கு உறவு என்றார். 1871இல் ஜேம்ஸ் மூரி என்பவர் மத்திய ஆசியாவின் சைகா என்ற மறிமானோடு சேர்த்துப் பேசினார். சைகாவுக்கும் மூக்கு தொங்கலாக, பெரிதாக இருக்கும். சிவதேரியத்தின் தலைக்கு மேல் இரண்டு ஜோடி கொம்பு வேறு: கண்ணுக்கு மேல் கூம்பு மாதிரி ஒரு ஜோடி, பின்னால் உள்ளங்கை விரித்ததுபோல் அகன்ற ஒரு ஜோடி. அதைப் பார்த்தால் யாருக்கும் பெரிய மான்தான் நினைவுக்கு வரும்.

கொம்பு ஏன் நம்மை ஏமாற்றுகிறது என்று எங்கள் மலை விலங்குகளை வைத்தே சொல்லிவிடலாம். வரையாட்டுக்கும் காட்டெருமைக்கும் உள்ளே எலும்பு, அதன்மேல் நகம் போன்ற பொருளால் ஆன உறை. வாழ்நாள் முழுக்க இருக்கும். கடமானுக்கு வெறும் எலும்பு, கிளைவிட்டு வளர்ந்து உதிர்ந்து திரும்பவும் முளைக்கும். ஒட்டகச்சிவிங்கிக்கு இந்த இரண்டுமே இல்லை. தோல் போர்த்திய எலும்பு மொட்டு அது. தனியாக உருவாகி, வளர்ந்த பிறகு மண்டையோட்டோடு ஒட்டிக்கொள்ளும், உதிராது. தமிழில் மூன்றையும் கொம்பு என்றுதான் சொல்கிறோம், அதில் தப்பும் இல்லை. ஆனால் உறவைக் கண்டுபிடிக்க உருவம் போதாது, அது எப்படி வளர்ந்தது என்பதைப் பார்க்க வேண்டும். சிவதேரியத்தின் கொம்பு எவ்வளவு அகலமாக விரிந்திருந்தாலும் ஒட்டகச்சிவிங்கி வகை. அதோடு, ஒட்டகச்சிவிங்கிக் குடும்பத்தில் கீழ்த்தாடையின் கோரைப்பல் இரண்டு மடலாகப் பிரிந்திருக்கும். இன்று வாழும் வேறு எந்த அசைபோடும் குடும்பத்திலும் அப்படி இல்லை. ஒற்றைப் பல் கிடைத்தாலும் குடும்பத்தைச் சொல்லிவிடக்கூடிய அடையாளம் அது.

"கழுத்து குட்டையாக இருக்கிறதே, பிறகெப்படி ஒட்டகச்சிவிங்கி?" என்று அடுத்ததாகக் கேட்பார்கள். காங்கோ காட்டில் ஒகாபி என்ற விலங்கு இருக்கிறது. தொடையில் வரிக்குதிரை போலக் கோடு, கழுத்து நீளம் சாதாரணம். 1901இல்தான் அறிவியல் உலகுக்கு அது தெரியவந்தது. இன்று அந்தக் குடும்பத்தில் உயிரோடு மிஞ்சியிருப்பது ஒட்டகச்சிவிங்கியும் ஒகாபியும் மட்டுமே. மரத்தின் உச்சியை எட்டும் கழுத்து அந்தக் குடும்பத்தில் எல்லாருக்கும் வாய்த்ததல்ல. நாம் மிச்சமிருக்கும் இரண்டைப் பார்த்துவிட்டு, அதிலும் ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு, குடும்பத்தையே கற்பனை செய்கிறோம்.

அளவைப் பற்றியும் படங்களில் நிறைய ஊதிப் பெருக்குகிறார்கள். 'யானை அளவு' என்பது பழைய பேச்சு. 2016இல் கிறிஸ்டோபர் பாசு என்ற ஆய்வாளரும் உடன் பணிபுரிந்தவர்களும், ஃபால்கனர் திரட்டி லண்டனில் இருக்கும் எலும்புகளை வைத்துக் கணினியில் முழு உடலை எழுப்பினார்கள். எடை சுமார் 1,250 கிலோ என்று வந்தது. எங்கள் தோட்டத்துக்கு வரும் பெரிய காட்டெருமைக் காளையே ஒரு டன் கனக்கும். அதைவிடக் கொஞ்சம் பெரிய உடம்பு, தடித்த கழுத்து, அதன்மேல் அந்தக் கொம்பு என்று நினைத்துக்கொள்ளுங்கள். யானை அளவு இல்லை என்பதற்காக எனக்கு அதன்மேல் மரியாதை குறையவில்லை. அசைபோடும் விலங்குகளில் இதுவரை தெரிந்தவற்றில் மிகப் பெரியவற்றுள் ஒன்று அது.

நீலகிரியில் சிவதேரியம் இருந்ததா என்றும் சிலர் கேட்கிறார்கள். எங்கள் மலையின் பாறை சார்னோகைட். சுமார் 250 கோடி ஆண்டுப் பழமை, பூமிக்கு ஆழத்தில் வெந்து உருமாறியது. பாலூட்டி என்ற ஒன்று தோன்றுவதற்கு வெகுகாலம் முந்தைய பாறை. அதில் எலும்பு தேடிப் பயனில்லை. சிவதேரியம் ஜைகான்டியம் சிவாலிக்குக்கு உரியது, அங்கேயே இருக்கட்டும்.

அடுத்து பயன்பாடு. 'சிவ' என்று தொடங்கும் பெயர்களைப் பார்த்து ஒன்றோடு ஒன்று முடிச்சுப்போட வேண்டாம். சிவாபிதிகஸ் என்பது சிவாலிக்கில் கிடைத்த வாலில்லாக் குரங்கு, ஒராங்குட்டானுக்கு உறவு. சிவதேரியத்தோடு அதற்குள்ள பொருத்தம் ஊர் மட்டும்தான். ஆனால் பிரமதேரியம் என்று ஒன்று உண்டு, குஜராத்தின் காம்பே வளைகுடாவில் உள்ள பெரிம் தீவில் கிடைத்த எலும்புக்கு 1845இல் ஃபால்கனரே வைத்த பெயர். பர்மாவில் கிடைத்த துண்டுகளுக்கு 1876இல் லைடெக்கர் என்ற புதைபடிவ ஆய்வாளர் விஷ்ணுதேரியம் என்று பெயர் வைத்தார். இவை ஒட்டகச்சிவிங்கிக் குடும்பத்துக்குள்ளேயே சிவதேரியத்துக்கு நெருங்கிய உறவாக வைத்துப் பேசப்படுபவை. மும்மூர்த்திகளும் வந்துவிட்டார்கள்!

ஆகவே அந்த உறவுக் கூட்டத்தை மொத்தமாகச் சொல்ல 'சிவதேரிய வகை விலங்குகள்' என்று எழுதுங்கள். தனியாகச் 'சிவதேரியம்' என்று எழுதினால் அந்த ஒரு பேரினம்தான். அகன்ற கொம்புள்ள ஐரோப்பாவின் மெகாலோசெரோஸ் மான் குடும்பம். இன்றைய நாட்டு மாடுகளின் காட்டு மூதாதையான அரோக்ஸ் மாட்டுக் குடும்பம், அதன் கடைசிப் பசு 1627இல் போலந்தில் செத்தது. இரண்டும் அழிந்துபோன அசைபோடும் விலங்குகள், ஆனால் இரண்டுமே சிவதேரியம் அல்ல. எல்லாவற்றையும் சேர்த்துச் சொல்ல 'அழிந்துபோன அசைபோடும் விலங்குகள்' என்றே எழுதலாம், யாருக்கும் புரியும். டைனோசர் காலத்து மாடு என்றும் சில படங்களில் போடுகிறார்கள். டைனோசர்கள் மறைந்து 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகள் ஆகின்றன. சிவதேரியம் அதற்கு மிக மிகப் பிந்தியது, பனியூழிக் காலமான பிளைஸ்டோசீன்வரை வாழ்ந்தது.

பெயர் மாறக்கூடும் என்பதும் கட்டுரையில் ஒரு வரி வரட்டும். எங்கள் வரையாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். நெடுங்காலம் இமயமலைத் தார் என்ற காட்டாட்டோடு ஒரே பேரினத்தில் வைத்திருந்தார்கள். மரபணுவைப் பார்த்தபோது அது செம்மறி ஆட்டு இனங்களுக்கு நெருக்கம் என்று தெரிந்து, 2005இல் நீலகிரிட்ராகஸ் என்று தனிப் பேரினம் ஆக்கினார்கள். கண்ணெதிரே பாறைமேல் நிற்கும் ஆட்டுக்கே இப்படி என்றால், எலும்பு மட்டும் கிடைத்த விலங்குக்குச் சொல்லவே வேண்டாம்.

கடைசியாக, அந்தப் படத்தோடு வந்த 'சுமேரியர்கள் சிவதேரியத்தை வளர்த்தார்கள்' என்ற வரி. அது சும்மா கிளம்பிய கதை அல்ல. சுமேரியர் பண்டைய இராக்கில் வாழ்ந்தவர்கள். அங்கே கிஷ் என்ற இடத்தில் கிடைத்த செம்பு உருவம் ஒன்றைப் பார்த்து, சுமேரியருக்குச் சிவதேரியம் தெரிந்திருக்குமோ என்று 1936இல் எட்வின் கோல்பர்ட் கேள்வி எழுப்பினார். அவர் பெரிய புதைபடிவ ஆய்வாளர், கேட்டதும் நியாயமான கேள்விதான். பின்னால் ஆராய்ந்தவர்கள் அது மானாக இருப்பதே பொருத்தம் என்றார்கள். கோல்பர்ட் கேட்டதையும் அதற்குப் பின்னால் வந்த பதிலையும் சேர்த்தே எழுதுங்கள். 'வளர்த்தார்கள்' என்பதை மட்டும் எடுத்துவிடுங்கள்.