வீட்டுக்கடனின் உண்மையான செலவை எப்படிக் கணக்கிடுவது?

வட்டி 8 சதவீதம், காலம் 20 ஆண்டுகள், மாதத் தவணை வருமானத்துக்குள் அடங்குகிறது; ஆனாலும் கடன் முடியும் நாளில் உண்மையில் எவ்வளவு செலவாகியிருக்கும், அதை இப்போதே எப்படித் தெரிந்துகொள்வது என்று கேட்டிருக்கிறீர்கள். உறவினர்களும் நண்பர்களும் கடன் ஒப்புதல் கடிதத்தைக் கொண்டுவந்து கருத்துக் கேட்கும்போது, நான் முதலில் புரட்டிப் பார்ப்பது கடைசிப் பக்கங்களில் இருக்கும் தவணை அட்டவணையைத்தான். வட்டி விகிதத்தையும் தவணைத் தொகையையும் எல்லோரும் பார்த்துவிடுகிறார்கள். ஆனால் செலவைத் தீர்மானிப்பது அந்த அட்டவணையின் கடைசி நெடுவரிசையில் உள்ள நிலுவை அசல், அதாவது இன்னும் திருப்பிக் கட்டாமல் இருக்கும் கடன் தொகை. வட்டி என்பது அந்த நிலுவைக்கு மாதந்தோறும் கொடுக்கும் வாடகை; நிலுவை எவ்வளவு பெரிதாக, எவ்வளவு காலம் நிற்கிறதோ அவ்வளவு வாடகை. கீழே நான் சொல்லப்போவது அனைத்தும் இந்த ஒன்றிலிருந்து பிறப்பதே.

கணக்கை எளிதாக்க, கடன் 1,00,000 என்று வைத்துக்கொள்வோம். எந்த நாட்டுப் பணமாகவும் இருக்கட்டும். உங்கள் கடன் இதைப்போல் எத்தனை மடங்கோ, அத்தனை மடங்காக எல்லா எண்களையும் பெருக்கிக்கொள்ளலாம். ஆண்டுக்கு 8 சதவீதம், மாதந்தோறும் குறையும் நிலுவையின் மீது வட்டி, 20 ஆண்டுகள் என்றால் மாதத் தவணை ஏறத்தாழ 836. மொத்தம் 240 தவணைகளில் நீங்கள் கட்டுவது ஏறத்தாழ 2,00,750. வாங்கிய தொகைக்கு நிகரான இன்னொரு தொகை வட்டியாகவே போகிறது. முதல் மாதத்தில் 1,00,000க்கான வட்டி 667 என்பதால், கட்டும் 836இல் ஏறத்தாழ 170 மட்டுமே அசலைத் தொடுகிறது. ஐந்து ஆண்டுகள் ஒழுங்காகக் கட்டி, 50,000க்கும் சற்று அதிகமாகச் செலுத்திய பிறகும் நிலுவை ஏறத்தாழ 87,500 ஆக இருக்கும். அசல் பாதியாகக் குறைய 13 ஆண்டுகளும் எட்டு மாதங்களும் ஆகும். முழுக் காலத்துக்கும் உரிய வட்டியில் பாதியோ முதல் ஏழு ஆண்டுகளிலேயே போய்விடுகிறது.

இதில் சூழ்ச்சி எதுவும் இல்லை. வங்கிக்காரர்கள் வட்டியை முதலில் பிடுங்கிக்கொள்கிறார்கள் என்று பலர் குறைப்பட்டுக்கொள்வதைக் கேட்டிருக்கிறேன்; அது சரியான விளக்கம் ஆகாது. ஒவ்வொரு மாதமும் அந்த மாத நிலுவைக்குரிய வட்டி மட்டுமே எடுக்கப்படுகிறது. தொடக்கத்தில் நிலுவை பெரிது, ஆகவே வட்டியும் பெரிது. இதைப் புரிந்துகொண்டால், எங்கே கை வைத்தால் செலவு குறையும் என்பதும் புரிந்துவிடும்.

கடன் காலத்தை 30 ஆண்டுகளாக நீட்டினால் தவணை 836இலிருந்து 734 ஆகிறது. தவணை 12 சதவீதம் குறைகிறது, மொத்த வட்டியோ 1,00,750இலிருந்து ஏறத்தாழ 1,64,150 ஆக, அதாவது 63 சதவீதம் உயர்கிறது. காரணம், 734 என்ற தவணையில் முதல் மாதம் அசலுக்குப் போவது 67 மட்டுமே. நிலுவை அசைய மறுக்கிறது, பாதியாகக் குறைய 22 ஆண்டுகளுக்கு மேல் எடுத்துக்கொள்கிறது. எதிர்த்திசையில் 15 ஆண்டுகள் என்றால் தவணை 956, மொத்த வட்டி ஏறத்தாழ 72,000. கடன் விற்கும் முகவர் ‘தவணை கட்டுப்படியாகவில்லையா, காலத்தைக் கூட்டிக்கொள்ளலாம்’ என்று சொல்லும் அந்த ஒரு வாக்கியத்தின் விலை இந்த எண்களில் இருக்கிறது. வேறு வழியே இல்லாதபோது காலத்தை நீட்டுவதில் தவறில்லை. ஆனால் அதைச் சலுகையாக எண்ணி நன்றி சொல்ல வேண்டியதில்லை.

இதுவரை சொன்னது வட்டி மாறாமல் இருக்கும் என்ற எடுகோளின்மேல் நிற்கிறது. மாறும் வட்டிக் கடன்களில் அந்த எடுகோள் உடைந்துபோகும் என்பதால் இந்த இடத்தில் சற்று நிதானமாக நிற்க வேண்டும். கடன் வாங்கிய உடனேயே வட்டி 8இலிருந்து 9 சதவீதம் ஆகிறது என்றும், தவணையை மாற்றாமல் காலத்தை மட்டும் நீட்டிக்கொள்ள ஏற்பாடு இருக்கிறது என்றும் வைத்துக்கொள்வோம். கடன் 240 மாதங்களில் முடியாது, ஏறத்தாழ 304 மாதங்கள் ஓடும். ஒரு சதவீதப் புள்ளி உயர்ந்ததற்கு ஐந்து ஆண்டுகளுக்கும் அதிகமான கூடுதல் தவணைகள். வட்டி 10 சதவீதத்தைத் தொட்டால், அதே 836இல் கடன் முடிய 56 ஆண்டுகள் வேண்டும், 10.04 சதவீதத்தைத் தாண்டிவிட்டால் தவணை அந்த மாத வட்டிக்கே போதாமல் நிலுவை வளரத் தொடங்கிவிடும். அந்த நிலைக்கு வருமுன் கடன் கொடுத்தவர் தவணையை உயர்த்தச் சொல்வார் என்றாலும், அதற்குக் கீழே உள்ள பெரிய பரப்பில் வட்டி உயர்வை நீங்கள் உணராமலேயே கடந்துவிட முடியும். கட்டும் தொகை மாறுவதில்லை, முடியும் தேதி மட்டும் ஓசையின்றித் தள்ளிப்போகிறது. வீட்டுக்கடனில் இதைவிட எளிதில் கண்ணுக்குத் தப்பும் செலவு வேறில்லை என்பது என் கருத்து. மேலே சொன்ன 9 சதவீத நிலையில் காலத்தை நீட்டாமல் தவணையை 900 ஆக உயர்த்திக்கொண்டால் மொத்தம் கட்டுவது ஏறத்தாழ 2,16,000. காலத்தை நீட்டினால் ஏறத்தாழ 2,54,000. மாதம் ஏறத்தாழ 63 கூடுதலாகக் கொடுப்பதா, முடிவில் 38,000 கூடுதலாகக் கொடுப்பதா என்ற இந்தத் தேர்வை, வட்டி உயரும்போதெல்லாம் நீங்களே கேட்டுப்பெற வேண்டியிருக்கலாம்.

அடுத்தது கட்டணங்கள். செயலாக்கக் கட்டணம், சொத்து மதிப்பீடு, பத்திரங்களைச் சட்ட வல்லுநர் பார்ப்பதற்கான செலவு, அடமானப் பதிவு, கடனோடு சேர்த்து விற்கப்படும் காப்பீடு என்று ஒப்புதல் கடிதத்தில் சிதறிக் கிடப்பவற்றையெல்லாம் ஒரே விகிதமாக்கிக் காட்டுவதற்காகவே ஆண்டுச் சதவீத விகிதம் என்ற அளவை உருவாக்கினார்கள். அமெரிக்காவில் 1968ஆம் ஆண்டின் கடன் வெளிப்படைத்தன்மைச் சட்டம் இதை அறிவிப்பதைக் கட்டாயமாக்கியது. ஐரோப்பிய ஒன்றியம் 2014இல் வீட்டுக்கடனுக்கென்றே ஒரு நெறிமுறையைக் கொண்டுவந்தது. இந்திய ரிசர்வ் வங்கி 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன்களுக்கெல்லாம் முக்கிய விவர அறிக்கையில் இந்த விகிதத்தைக் காட்டச் சொல்லியிருக்கிறது. இரண்டு நிறுவனங்களின் கடன்களை ஒப்பிட இது நல்ல அளவுகோல். ஆனால் இதற்குள் ஓர் எடுகோள் ஒளிந்திருக்கிறது: கடன் கடைசி மாதம் வரை ஓடும் என்பதுதான் அது. 1,00,000 கடனில் 2,000 கட்டணமாகக் கழிந்தால், 20 ஆண்டுகளும் ஓடும் 8 சதவீதக் கடனின் உண்மையான விகிதம் ஏறத்தாழ 8.27 ஆகும். அதே கடனை ஐந்தாம் ஆண்டு முடிவில் அடைத்துவிட்டால், அந்த 2,000 குறுகிய காலத்தில் பரவுவதால் விகிதம் 8.5ஐத் தாண்டிவிடுகிறது. ஆகவே வீட்டைச் சில ஆண்டுகளில் விற்கும் எண்ணம் உள்ளவருக்குக் கட்டணம் குறைவான கடனும், நீண்ட காலம் இருக்கப்போகிறவருக்கு வட்டி குறைவான கடனும் பொருந்தும். காப்பீட்டுத் தொகையைக் கையிலிருந்து கட்டாமல் கடனோடு சேர்த்துக்கொண்டால் அதற்கும் 20 ஆண்டுகள் வட்டி ஓடும் என்பதையும் கவனியுங்கள். 2,000 காப்பீடு முடிவில் 4,000 ஆகிவிடும்.

வட்டி குறைவான இன்னொரு நிறுவனத்துக்குக் கடனை மாற்றுவதில்தான் கவனமுள்ளவர்கள்கூட ஏமாறுகிறார்கள். ஐந்து ஆண்டுகள் கட்டிய பிறகு 87,500 நிலுவையுடன் 7.5 சதவீதத்துக்கு மாறுகிறீர்கள் என்று கொள்வோம். புதிய நிறுவனம் இயல்பாகவே மீண்டும் 20 ஆண்டுக் காலத்தைத் தரும். தவணை 836இலிருந்து 705 ஆகக் குறையும். வீட்டில் எல்லோருக்கும் மகிழ்ச்சி. ஆனால் பழைய கடனில் இனிக் கட்டவேண்டியிருந்தது ஏறத்தாழ 1,50,550, புதிய கடனில் கட்டப்போவது ஏறத்தாழ 1,69,200. விகிதம் குறைந்தும் 18,000க்கு மேல் அதிகமாகக் கட்டுகிறீர்கள், ஏனெனில் நிலுவை நிற்கும் காலம் ஐந்து ஆண்டுகள் கூடிவிட்டது. மீதமிருந்த 15 ஆண்டுகளையே காலமாகக் கேட்டு வாங்கினால் தவணை 811. சேமிப்பு ஏறத்தாழ 4,500. மாற்றுவதற்கான கட்டணங்களை இந்த 4,500இலிருந்து கழித்த பிறகு மிஞ்சுவதுதான் உண்மையான ஆதாயம். பல நேரங்களில் மிஞ்சுவது மிகக் கொஞ்சம். தற்போதைய நிறுவனத்திடமே ஒரு சிறு தொகை செலுத்தி விகிதத்தைக் குறைத்துக்கொள்ள முடியுமா என்று முதலில் கேட்பது நல்லது.

கூடுதல் பணம் கிடைத்தால் அசலை முன்கூட்டியே குறைப்பதன் பலன், எப்போது செலுத்துகிறோம் என்பதைப் பொறுத்தது. முதல் ஆண்டு முடிவில் 10,000 செலுத்திவிட்டுத் தவணையை மாற்றாமல் விட்டால் கடன் ஏறத்தாழ 46 மாதங்கள் முன்னதாக முடிகிறது. மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ 29,000. அதே 10,000ஐ 12ஆம் ஆண்டு முடிவில் செலுத்தினால் மிச்சம் 7,700 அளவில்தான் இருக்கும். ஒன்றைச் சொல்லிவிட வேண்டும்: இரண்டு சமயங்களிலும் அந்த 10,000 ஈட்டித் தருவது ஆண்டுக்கு 8 சதவீதமே, முதல் சமயத்தில் அது ஈட்டும் ஆண்டுகள் அதிகம், அவ்வளவுதான். எனவே வரிக்குப் பிந்தைய 8 சதவீதத்தை வேறெங்கேனும் உறுதியாகப் பெற முடியுமானால், அங்கே போடுவதும் தவறாகாது. உறுதியாக என்ற சொல்லை நேர்மையாக எடைபோட்டுக்கொள்ள வேண்டும். அவசரத் தேவைக்கென்று வைத்திருக்கும் பணத்தை மட்டும் கடனில் போட்டுவிடாதீர்கள்; முன்கூட்டியே கட்டிய அசலைத் திரும்பக் கேட்கும் வசதி பெரும்பாலான கடன்களில் இல்லை. நிலையான வட்டிக் கடன்களில் முன்செலுத்தலுக்கு அபராதம் இருக்கிறதா என்பதையும் ஒப்பந்தத்தில் பாருங்கள்.

இனி மறுபக்கம். மொத்தம் 2,00,750 என்ற எண்ணைக் காட்டிக் கடன் வாங்கவே கூடாது என்று வாதிடுகிறவர்களோடு நான் உடன்படுவதில்லை. அந்தக் கூட்டல், இன்று கட்டும் 836ஐயும் 20 ஆண்டுகள் கழித்துக் கட்டும் 836ஐயும் ஒரே மதிப்புள்ளவையாகக் கொள்கிறது. விலைவாசி ஆண்டுக்கு 4 சதவீதம் உயரும் என்று எடுத்துக்கொண்டு எல்லாத் தவணைகளையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால், மொத்தம் ஏறத்தாழ 1,38,000 ஆகிறது. அப்படியானால் கடனின் உண்மைச் செலவு இன்றைய பணத்தில் 38,000 என்று சொல்ல வேண்டும். 1,00,750 என்பது பணத்தின் தேய்மானத்தையும் சேர்த்த எண். வருமானமும் விலைவாசியோடு சேர்ந்து உயர்கிறவருக்குப் பிற்பகுதித் தவணைகள் சுமையாகவே தெரியாது. வருமானம் நிலையாக நின்றுவிடுகிறவருக்கு, அல்லது நடுவில் ஓய்வுபெறுகிறவருக்கு, இந்த ஆறுதல் பொருந்தாது. இரண்டு எண்களையும் அருகருகே எழுதிவைத்து, உங்கள் நிலை எதற்கு நெருக்கமானது என்று பாருங்கள். பராமரிப்பு, சொத்துவரி, வீட்டுக் காப்பீடு ஆகியவை வீட்டின் செலவுகள், கடனுடையவை அல்ல. கடன் இல்லாமல் வாங்கினாலும் அவை இருக்கும். வாடகையோடு ஒப்பிடும்போது மட்டும் அவற்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் கேள்விக்குச் செயல்முறையாகச் சொல்வதென்றால், கையெழுத்திடுவதற்கு முன் முழுத் தவணை அட்டவணையை நிறுவனத்திடம் கேட்டு வாங்கி, ஒரு விரிதாளில் மூன்று முறை ஓட்டிப் பாருங்கள்: இன்றைய விகிதத்தில் ஒருமுறை, இரண்டு சதவீதப் புள்ளிகள் கூட்டி ஒருமுறை, நீங்கள் உண்மையில் அந்த வீட்டில் இருக்கப்போகும் காலம் வரை மட்டும் ஒருமுறை. மூன்றாவதைப் பலர் செய்வதில்லை. ஏழு ஆண்டுகளில் விற்றுவிடுவீர்கள் என்றால், அதுவரை கட்டியிருக்கும் 70,260இல் 51,200 வட்டி, அசலில் கழிந்தது 19,000, விற்கும்போது அடைக்கவேண்டிய நிலுவை ஏறத்தாழ 81,000. வீடு அப்போது என்ன விலைக்குப் போனால் உங்களுக்கு இழப்பில்லை என்பதை இந்த நான்கு எண்களிலிருந்தும், அதே ஏழு ஆண்டுகளுக்கு நீங்கள் கொடுத்திருக்கக்கூடிய வாடகையிலிருந்தும் நீங்களே கணக்கிட்டுவிடலாம்.